கெர்ரியிலிருந்து நியூயார்க் சுரங்க ரயிலுக்கு: மைக் குவில் என்ற தொண்டர்

அயர்லாந்து விடுதலைப் போரைப் பற்றி எழுதுபவர்களில் பலர் 1923 மே மாதத்தோடு பேனாவை மூடிவிடுகிறார்கள். ஆயுதங்களைப் பதுக்கிவிட்டுக் கலையச் சொல்லி மே 24 அன்று கட்டளை வந்தது, தோற்ற தரப்பு கலைந்தது, அவ்வளவுதான் என்று முடித்துவிடுவார்கள். கலைந்தவர்களின் வாழ்க்கை அதன்பிறகு எப்படிப் போனது என்று தேடினால், அந்தத் தேடல் பெரும்பாலும் கோவ் துறைமுகத்தில் போய் நிற்கும். அங்கிருந்து கப்பல் நியூயார்க்குக்கோ பாஸ்டனுக்கோ போகும். இங்கிலாந்துடன் செய்த ஒப்பந்தத்தை எதிர்த்து நின்ற குடியரசுத் தொண்டர்கள் ஆயிரக்கணக்கில் அப்படிப் போனார்கள். அவர்கள் கூடவே எடுத்துப் போனது என்ன என்ற கேள்விக்கு, பின்னால் நியூயார்க் போக்குவரத்துத் தொழிலாளர் சங்கத்தின் தலைவரான மைக்கேல் ஜோசப் குவிலின் வாழ்க்கையை விட நல்ல பதில் எனக்குத் தெரியவில்லை.

குவில் 1905 செப்டம்பர் 18 அன்று கெர்ரி மாவட்டத்தில் கில்கார்வன் அருகே கோர்ட்லோகெரா என்ற சிற்றூரில் பிறந்தவர். மலையடிவாரம், சின்னப் பண்ணை, வீட்டில் ஐரிஷ் மொழி. பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான 1916 ஈஸ்டர் எழுச்சியின்போது அவருக்குப் பத்து வயது. 1919-இல் போர் தொடங்கும்போது பதிமூன்று. துப்பாக்கி கொடுக்கும் வயதில்லை. அந்த வயதுப் பையன்களுக்கு ஐ.ஆர்.ஏ. (அயர்லாந்து குடியரசுப் படை) கொடுத்த வேலை தூது. குவிலும் தூதராகத்தான் தொடங்கினார். அவருடைய குடும்பமும் இயக்கத்துக்கு வேண்டப்பட்ட குடும்பம். கெர்ரி இரண்டாம் படைப்பிரிவின் ஆட்கள் வந்து போகும் வீடு அது.

இந்தத் தூது வேலையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பின்னால் நியூயார்க்கில் நடந்ததற்கெல்லாம் விதை இதில்தான் இருக்கிறது. ஒரே ஆள் செய்தியை வாங்கிக்கொண்டு முப்பது, நாற்பது மைல் போய்க் கொடுப்பதில்லை. வழியெங்கும் குறிப்பிட்ட சில வீடுகள் இருக்கும். ஒருவர் ஒரு வீட்டில் வாங்கி அடுத்த வீட்டில் கொடுத்துவிட்டுத் திரும்பிவிடுவார். அங்கிருந்து வேறொருவர் எடுத்துப் போவார். பிடிபட்டால் அடி தாங்காமல் உண்மையைச் சொன்னாலும், வாங்கிய வீடும் கொடுக்க வேண்டிய வீடும் தவிர வேறொன்றும் அவருக்குத் தெரியாது. காகிதம் மெல்லியதாக இருக்கும்; தொப்பியின் உள்துணியிலோ காலுறையிலோ சைக்கிள் கைப்பிடிக் குழாயிலோ ஒளிந்துகொள்ளும். வந்த நேரத்தையும் போன நேரத்தையும் உறையில் குறித்து அனுப்பும் வழக்கமும் இருந்தது. செய்தி தாமதமானால் எந்தக் கையில் தங்கியது என்று அதை வைத்தே பிடித்துவிடலாம். இந்த வலையில் பாதிக்கு மேல் சுமந்தவர்கள் குமன் ந மான் அமைப்புப் பெண்கள் என்பதை இங்கே சொல்லாமல் விட்டால் நியாயமில்லை. சிப்பாய்கள் பெண்களைச் சோதனையிடத் தயங்கிய வரையில் அவர்கள் கையில்தான் முக்கியமான காகிதங்கள் போயின.

இந்தத் தூது எங்கே கெட்டுப்போகும்? 1920 டிசம்பர் 10 அன்று கார்க், கெர்ரி, லிமெரிக், டிப்பரேரி நான்கு மாவட்டங்களிலும் ராணுவச் சட்டம் வந்தது. பல இடங்களில் சைக்கிளுக்கே தடை. லாரிகளைத் தடுக்க ஐ.ஆர்.ஏ. சாலைகளைக் குறுக்கே வெட்டிப் போட்டிருந்தது, பாலங்களை உடைத்திருந்தது. லாரியில் வருபவர்கள் பள்ளத்தின் மேல் போடப் பலகைகளைக் கொண்டுவரக் கற்றுக்கொண்டார்கள். தூதுப் பையன்களுக்குப் பலகை ஏது? சைக்கிளைத் தோளில் தூக்கிக்கொண்டு வயல் வழியாக நடப்பார்கள். தன் பக்கத்து ஆட்கள் நேற்றிரவு எந்தச் சாலையை வெட்டினார்கள் என்பது கூடத் தூதருக்குத் தெரிந்திருக்காது. இதைவிடப் பெரிய ஆபத்து எழுத்துதான். பிடிபடும் ஆள் வாய் திறக்காமல் இருந்துவிடலாம், காகிதத்தால் முடியாது. டப்ளினில் தலைமையகத்தின் ஆவணங்களே சோதனைகளில் சிக்கியிருக்கின்றன. எழுதாமல் மனப்பாடமாகச் சொல்லி அனுப்புவதும், முழுப்பெயர் எழுதாமல் இருப்பதும் அதற்குப் பிறகு வந்த கட்டுப்பாடு.

குவிலின் ஊர்ப் பள்ளத்தாக்கில் இன்னொரு விஷயமும் நடந்தது. குவிலின் வாழ்க்கையைப் படிப்பவர்கள் இதற்கு உரிய இடம் கொடுப்பதில்லை என்பது என் எண்ணம். ஹெட்ஃபோர்டு சந்திப்பிலிருந்து கென்மேர் வரை ஒரு கிளை ரயில்பாதை ஓடியது. அதில் கில்கார்வன் ஒரு நிலையம். 1920 மே மாதம் முதல் டிசம்பர் வரை அயர்லாந்து முழுவதும் ரயில் தொழிலாளர்கள் பிரிட்டிஷ் ராணுவத் தளவாடங்களை ஏற்ற மறுத்தார்கள். ஆயுதத்தோடு சிப்பாய் ஏறினால் ஓட்டுநர் இறங்கிவிடுவார், வண்டி நின்ற இடத்திலேயே நிற்கும். ஆயிரத்துக்கும் மேற்பட்ட தொழிலாளர்கள் வேலையிழந்தார்கள். அந்த ஏழு மாதமும் ராணுவம் சாலைக்குத் தள்ளப்பட்டது, சாலையில் பதுங்கித் தாக்குபவர்களுக்கு அது வசதியானது. பிறகு 1921 மார்ச் 21 அன்று, கென்மேரிலிருந்து கில்கார்வன் வழியாகத் திரும்பிய ராயல் ஃப்யூசிலியர் சிப்பாய்களை ஹெட்ஃபோர்டு சந்திப்பில் கெர்ரி இரண்டாம் படைப்பிரிவு தாக்கியது. ஐ.ஆர்.ஏ. தரப்பில் தளபதி டேனி ஆல்மனும் ஜிம்மி பெய்லியும் உயிரிழந்தார்கள். சிப்பாய்களின் சாவு அதைவிட அதிகம். ஒரு ரயிலைத் துப்பாக்கியாலும் நிறுத்தலாம், ஓட்ட மறுத்தும் நிறுத்தலாம். பதினைந்து வயதுப் பையன் ஒருவனின் ஊரில், பத்தே மாத இடைவெளியில், இரண்டும் நடந்தன. 

1921 ஜூலை 11 அன்று சண்டை நிறுத்தம். டிசம்பர் 6 அன்று ஒப்பந்தம். 1922 ஜனவரி 7 அன்று டப்ளின் சட்டமன்றம் 64-க்கு 57 என்ற கணக்கில் அதை ஏற்றது. கெர்ரியின் ஐ.ஆர்.ஏ. பெருமளவில் ஏற்கவில்லை. ஜூன் 28 அன்று டப்ளினில் உள்நாட்டுப் போர் வெடித்தது, ஆகஸ்டில் ஒப்பந்தத்தை ஏற்ற தரப்பான சுதந்திர அரசின் படை கடல் வழியாக ஃபெனிட்டிலும் கென்மேரிலும் வந்திறங்கியது. செப்டம்பர் 9 அன்று ஜான் ஜோ ரைஸ் தலைமையில் குடியரசுத் தரப்பு கென்மேரைத் திரும்பப் பிடித்தது. அன்று சுதந்திர அரசின் அதிகாரியான டாம் ஓ'கானரும் அவருடைய சகோதரர் ஜானும் வீட்டிலேயே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இதை மறைத்துவிட்டுக் கெர்ரியின் துயரத்தை ஒரு பக்கமாகச் சொல்லக்கூடாது. மறுபக்கம் நடந்தது இன்னும் கொடுமை. 1923 மார்ச் 7 அன்று பாலிசீடியில் ஒன்பது கைதிகளைக் கண்ணிவெடியைச் சுற்றிக் கட்டிவைத்து வெடிக்க வைத்தார்கள். எட்டுப் பேர் செத்தார்கள், ஸ்டீபன் ஃபுல்லர் மட்டும் தூக்கியெறியப்பட்டுத் தப்பினார். அதே நாளில் கில்லார்னியின் கவுன்டெஸ் பாலத்தில் நான்கு பேர். ஐந்து நாள் கழித்துக் காகர்சிவீனில் ஐந்து பேர். போர் முடியும்போது நாடு முழுவதும் முகாம்களிலும் சிறைகளிலும் சுமார் 12,000 குடியரசுக் கைதிகள் இருந்தார்கள்.

போர் முடிந்த பிறகு கெர்ரியில் குடியரசுத் தரப்பு ஆளுக்கு என்ன வேலை கிடைக்கும்? அரசு வேலைக்கு விசுவாச உறுதிமொழி கேட்டார்கள். சாலைப் பணியில் முன்னுரிமை சுதந்திர அரசுப் படையிலிருந்து வெளிவந்தவர்களுக்கு. பண்ணை மூத்த மகனுக்குப் போகும். ஐ.ஆர்.ஏ. தலைமை அனுமதி பெறாமல் வெளிநாடு போகக்கூடாது என்று கட்டளை போட்டிருந்தது, போனவர்களை ஓடிப்போனவர்களாகவே பார்த்தது. பசித்தவர்களுக்கு அந்தக் கட்டளை எத்தனை நாள் தாங்கும்? 1920-களின் நடுவில் கிராமம் கிராமமாகக் காலியானது.

அமெரிக்கா போவது எளிதுமில்லை. 1924-ஆம் ஆண்டுக் குடியேற்றச் சட்டப்படி அயர்லாந்து சுதந்திர அரசுக்கு ஆண்டுக்கு 28,567 பேர் என்று ஒதுக்கீடு. 1929-இல் அது 17,853 ஆனது. இத்தாலியர்களோடும் போலந்துக்காரர்களோடும் ஒப்பிட்டால் இது தாராளம்தான். விசாவுக்கு 10 டாலர், தலைவரி 8 டாலர், இதற்கு மேல் கப்பல் கட்டணம். அங்கிருக்கும் உறவினர் பொறுப்பேற்று எழுதிக் கொடுத்தால் வேலை சுலபமாகும். கப்பல் பட்டியலில் பயணியிடம் கேட்டு நிரப்பும் கட்டங்கள் இருந்தன: எழுதப் படிக்கத் தெரியுமா, யாரிடம் போகிறாய், கையில் எவ்வளவு பணம், சிறையில் இருந்ததுண்டா, அராஜகவாதியா, அமெரிக்க அரசை வன்முறையால் கவிழ்க்க வேண்டும் என்று நினைப்பவரா. முந்தைய மூன்று ஆண்டுகளை ஒரு அரசோடு சண்டையிட்டே கழித்த இளைஞர்கள் அந்தக் கட்டங்களுக்கு முன்னால் நின்றார்கள் என்பதைப் பட்டியலைப் புரட்டும்போது நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். அவற்றில் 'விவசாயக் கூலி' என்று எழுதப்பட்டிருப்பவர்களில் எத்தனையோ பேர் பட்டாலியன் அதிகாரிகள்.

குவில் 1926 மார்ச் 16 அன்று, புனித பாட்ரிக் திருநாளுக்கு முந்தைய நாள், நியூயார்க்கில் இறங்கினார். வயது இருபது. கிடைத்த வேலையெல்லாம் செய்தார். எட்டாவது அவென்யூவின் கீழே புதிய சுரங்கப் பாதைக்கு மண் தோண்டினார், கரி அள்ளிப் போட்டார், பென்சில்வேனியாவின் சுரங்க ஊர்களில் சாமி படம் விற்றார். கடைசியில் இன்டர்பரோ ரேப்பிட் டிரான்சிட், சுருக்கமாக ஐ.ஆர்.டி., என்ற சுரங்க ரயில் நிறுவனத்தில் டிக்கெட் ஏஜெண்டாக நிலைத்தார். இரவில் 12 மணி நேரம், வாரத்தில் ஏழு இரவும். மொத்தம் 84 மணி நேரம். மணிக்கு 33 சென்ட். வாரம் முழுக்க உழைத்தால் 28 டாலர் கூட வராது. பயணக் கட்டணம் 1904 முதலே 5 சென்ட். அதைக் கூட்ட நகர அரசியல் விடாது, கூட்டாமல் இருக்க நிறுவனம் தொழிலாளியின் கூலியிலிருந்து பிடிக்கும்.

அன்றைய நியூயார்க் ரயில், பேருந்துத் தொழிலாளர்களில் ஏறக்குறையப் பாதிப்பேர் அயர்லாந்தில் பிறந்தவர்கள். ஆங்கிலம் தெரிந்தால் போதும், வேறு திறமை கேட்க மாட்டார்கள், ஒரு மாமன் ஏற்கெனவே உள்ளே இருப்பார். தனக்குக் கீழ்ப்படியும் ஆட்கள் என்று நினைத்துத்தான் நிறுவனங்கள் கிராமத்து ஐரிஷ்காரர்களை அள்ளி எடுத்தன. எடுத்தவர்களில் முன்னாள் ஐ.ஆர்.ஏ. ஆட்கள் எத்தனை பேர் என்று அவை கணக்குப் பார்க்கவில்லை.

1926 ஜூலையில், குவில் இறங்கிய நான்காம் மாதம், ஐ.ஆர்.டி. ரயில் ஓட்டுநர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். நிறுவனம் வெளியாட்களைக் கொண்டுவந்து வண்டிகளை ஓட்டி அதை உடைத்தது. அதற்குப் பிறகு எட்டு ஆண்டுகளுக்கு யாரும் வாயைத் திறக்கவில்லை. நிறுவனமே நடத்திய 'சகோதரத்துவம்' என்ற சங்கம் ஒன்று இருந்தது, வேலை வேண்டுமென்றால் அதில் சேர்ந்தாக வேண்டும். வேறு சங்கத்தில் சேரமாட்டேன் என்று கையெழுத்தும் போட வேண்டும். இதற்கும் மேலே ஒற்றர்கள். தொழிலாளர்கள் அவர்களை 'பீக்கி' என்பார்கள். பக்கத்து மேசையில் பீர் குடிப்பவர் பீக்கியாக இருக்கலாம், நாளைக் காலையில் உங்கள் வேலை போயிருக்கலாம். பொருளாதார நெருக்கடி காலத்தில் வேலை போனால் வேறு வேலை கிடையாது.

இப்படிப்பட்ட இடத்தில் கூட்டம் போட்டுக் கொடி ஏற்றிச் சங்கம் தொடங்க முடியாது. 1933 இறுதியிலும் 1934 தொடக்கத்திலும் சிலர் வேறு வழியில் தொடங்கினார்கள். ஒரு குழுவுக்கு ஐந்தாறு பேர்தான். ஒருவரை ஒருவர் ஊரிலிருந்தோ பட்டாலியனிலிருந்தோ அறிந்தவர்கள். குழுவில் ஒருவருக்கு மட்டுமே அடுத்த குழுவோடு தொடர்பு. ஒரு குழுவில் பீக்கி நுழைந்தால் அந்த ஐந்து பேர் போவார்கள், மற்றவர்கள் தப்புவார்கள். கெர்ரியின் தூதுப் பாதை எப்படி அமைந்ததோ அப்படியே. மீத் மாவட்டத்து ஐ.ஆர்.ஏ.காரரான ஜெரால்ட் ஓ'ரைலி, கார்க்கிலிருந்து வந்த தாமஸ் ஓ'ஷே போன்றவர்களுக்கு இதைச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை, பத்து ஆண்டுகளுக்கு முன்னால் செய்த வேலை அது. 'டிரான்ஸ்போர்ட் வொர்க்கர்ஸ் புல்லட்டின்' என்ற தாள் கைமாறியது. ஒவ்வொரு பட்டறையின் குறையும் எழுதியவர் பெயர் இல்லாமல் அதில் வந்தது. பீக்கிகள் சூழ்ந்த இடத்தில் பேச வேண்டியிருந்தால் ஐரிஷ் மொழியில் பேசிக்கொள்வதும் உண்டு.

இதில் குவிலுக்கு ஒரு வசதி. பட்டறைத் தொழிலாளர்கள் ஒரே கூரையின் கீழ் நூற்றுக்கணக்கில் இருப்பார்கள், அவர்களைச் சேர்ப்பது சுலபம். டிக்கெட் ஏஜெண்டுகள் நிலையத்துக்கு ஒருவராகக் கூண்டுக்குள் அடைந்து கிடப்பவர்கள், ஒருவரை ஒருவர் பார்ப்பதே அரிது. குவிலோ நிலையம் நிலையமாக மாற்றி மாற்றி வேலை பார்த்தவர். போன இடமெல்லாம் பெயரையும் ஊரையும் கேட்டு வைத்துக்கொண்டார். 

பணமும் அச்சு இயந்திரமும் எங்கிருந்து வந்தன என்பதில் பல ஐரிஷ் எழுத்துகள் சங்கடப்பட்டு மழுப்புகின்றன. மழுப்பத் தேவையில்லை. முதலில் ஐரிஷ் சங்கங்களின் கதவைத்தான் தட்டினார்கள். அமெரிக்காவிலிருந்த ஐரிஷ் குடியரசு ஆதரவு அமைப்பான கிளான் ந கேலின் உறுப்பினர்கள் பலர் தனிப்பட்ட முறையில் வந்தார்கள், அமைப்பாக அது வரவில்லை. மற்ற ஐரிஷ் அமைப்புகள் வேலை நிறுத்தம் என்ற சொல்லையே விரும்பவில்லை. உதவ முன்வந்தது கம்யூனிஸ்ட் கட்சி. அதன் சார்பில் வந்த ஜான் சாண்டோவும், ஆஸ்டின் ஹோகனும் முழுநேர வேலை செய்தார்கள். கட்சிக்கு ஐரிஷ் தொழிலாளர்களிடம் போக வழியில்லாமல் இருந்தது, ஐரிஷ் தொழிலாளர்களுக்குச் சங்கம் நடத்திய அனுபவமும் பணமும் இல்லாமல் இருந்தன. இருவருக்கும் பொதுவாக ஒரு பெயர் இருந்தது: 1916-இல் நாற்காலியில் உட்கார வைத்துச் சுட்டுக் கொல்லப்பட்ட ஐரிஷ் தொழிலாளர் தலைவர் ஜேம்ஸ் கொனொலி. குவில் இரவு வேலையில் கூண்டுக்குள் உட்கார்ந்து படித்தது கொனொலியைத்தான். 1934 ஏப்ரல் 12 அன்று கொலம்பஸ் சர்க்கிள் அருகே ஒரு சிற்றுண்டிச்சாலையில் கூடிச் சங்கத்துக்குப் பெயர் வைத்தபோது, ஜிம் லார்கின் 1909-இல் டப்ளினில் தொடங்கிய போக்குவரத்துச் சங்கத்தை மனதில் வைத்தே 'டிரான்ஸ்போர்ட் வொர்க்கர்ஸ் யூனியன்' என்று வைத்தார்கள்.

முதல் வெற்றி மிகச் சின்னது, ஆனால் எனக்கு இந்தக் கதையிலேயே மிகவும் பிடித்த பகுதி. பிராங்ஸின் ஜெரோம் அவென்யூ கொட்டகையில் ரயில் பெட்டிகளின் ஜன்னலைத் துடைப்பவர்கள் 10 அங்குல ரப்பர் துடைப்பானை வைத்து வேலை செய்தார்கள். 1935 ஜூலையில் நிறுவனம் 14 அங்குலத் துடைப்பானைக் கொடுத்தது. நான்கு அங்குலம்தானே என்று தோன்றும். அகலம் 40 விழுக்காடு கூடினால் ஒரு இழுப்பில் துடைக்கும் கண்ணாடியும் அவ்வளவு கூடும். அதே சம்பளத்துக்கு அதிகப் பெட்டி, பிறகு குறைந்த ஆட்கள். கை எவ்வளவு வலித்தாலும் எண்ணிக்கை குறையாது. ஆறு பேர் புதிய துடைப்பானைத் தொட மறுத்தார்கள். ஆறு பேருக்கும் வேலை போனது. மற்ற துடைப்பாளர்கள் ஜூலை 9 அன்று வெளியே வந்துவிட்டார்கள். இரண்டு நாளில் ஆறு பேரும் வேலைக்குத் திரும்பினார்கள். 1926 தோல்விக்குப் பிறகு ஐ.ஆர்.டி. பின்வாங்கியது இதுதான் முதல் முறை. மொத்த அமைப்பும் பார்த்துக்கொண்டிருந்தது.

ரகசியக் குழுவால் ஒரு அளவுக்கு மேல் போக முடியாது. பேச்சுவார்த்தைக்கு ஒரு முகம் வேண்டும், பெயர் வேண்டும், நீதிமன்றத்தில் நிற்க ஒரு ஆள் வேண்டும். ஐ.ஆர்.ஏ.வில் மறைந்திருப்பது போதும், தொழிற்சங்கத்தில் போதாது. 1935 டிசம்பரில் ஓ'ஷேக்குப் பதிலாகத் தலைவராகி அந்த முகமானவர் குவில். இடுப்பில் கோளாறு, சாய்ந்து நடப்பார், கையில் தடி. கெர்ரிப் பேச்சு, சொல்லுக்குச் சொல் கிண்டல், கூட்டத்தை ஒரே நொடியில் கட்டிப்போடும் குரல். உள்ளே நிர்வாகத்தை ஹோகனும் சாண்டோவும் பார்த்துக்கொண்டார்கள். குவிலை வெறும் பேச்சாளராக நினைத்தவர்கள் பின்னால் வருத்தப்பட்டார்கள்.

1937 ஜனவரியில் புரூக்ளினின் கென்ட் அவென்யூ மின்நிலையம். இது ஐ.ஆர்.டி. போன்ற இன்னொரு ரயில் நிறுவனமான பி.எம்.டி.யின் நிலையம். சங்கத்தில் சேர்ந்ததற்காக இரண்டு கொதிகலன் பொறியாளர்களை நீக்கினார்கள். சுமார் 500 தொழிலாளர்கள் வெளியேறவில்லை, உள்ளேயே உட்கார்ந்துவிட்டார்கள். ஏன் மின்நிலையம் என்பதைப் புரிந்துகொள்ள வேண்டும். ரயில்கள் மூன்றாம் தண்டவாளத்தில் ஓடும் சுமார் 600 வோல்ட் நேர்மின்சாரத்தில் ஓடுபவை. ஓட்டுநர் வெளியே போனால் 1926-இல் செய்தது போல வெளியாளைக் கொண்டுவந்து ஓட்டிவிடலாம். கொதிகலனையும் டர்பைனையும் தெரியாத ஆளிடம் கொடுக்க எந்த முதலாளிக்கும் துணிவு வராது. ஆட்கள் உள்ளேயே இருந்தால் மாற்று ஆளை நுழைக்கவும் வழியில்லை. அடித்து வெளியேற்றலாம் என்றால் இயந்திரங்களுக்கு நடுவே அடிதடி நடக்க வேண்டும். வெளியில் நின்றவர்கள் கயிறு கட்டி ஜன்னல் வழியே சாப்பாடு ஏற்றினார்கள். விடிகாலைக்குள் முடிவு வராவிட்டால் மின்சாரம் நிற்கும் என்று சங்கம் கெடு வைத்தது. புரூக்ளின் முழுவதும் வேலைக்குப் போகும் நேரம் அது. நிறுவனம் இருவரையும் திரும்ப எடுத்துக்கொண்டது. அந்த ஆண்டு மே மாதமே ஐ.ஆர்.டி.யோடு ஒப்பந்தம் கையெழுத்தானது. ஆண்டு முடிவதற்குள் உறுப்பினர்கள் 30,000-ஐத் தாண்டினார்கள். அதே ஆண்டு நவம்பரில் குவில் பிராங்ஸிலிருந்து நகரசபைக்குத் தேர்வானார். டிசம்பரில் ஊருக்குப் போய் மோலி ஓ'நீலை மணந்துகொண்டார்.

ஐரிஷ்காரர்களே நிறைந்த சங்கம் கறுப்பினத் தொழிலாளர்களை எப்படி நடத்தியது என்பதில் புகழ்ச்சியை அளந்துதான் பேச வேண்டும். விதிமுறையில் தொடக்கத்திலிருந்தே சமத்துவம் இருந்தது. நடைமுறையில் கறுப்பினத்தவர்கள் துப்புரவு வேலையிலும் சுமைவேலையிலுமே இருந்தார்கள், சங்கமும் முதல் சில ஆண்டுகள் அதை உடைக்க அவசரப்படவில்லை. 1941-இல் ஹார்லெமில் ஆடம் கிளேட்டன் பவல் தலைமையில் மக்கள் பேருந்துகளைப் புறக்கணித்த பிறகுதான், கறுப்பின ஓட்டுநர்களையும் மெக்கானிக்குகளையும் எடுக்கும் ஒப்பந்தத்தில் சங்கமும் சேர்ந்து கையெழுத்திட்டது. சோதனை வந்தது 1944 ஆகஸ்டில், ஃபிலடெல்ஃபியாவில். எட்டுக் கறுப்பினத்தவர்களை டிராம் ஓட்டப் பயிற்சிக்கு எடுத்ததற்காக வெள்ளைத் தொழிலாளர்கள் நகரத்தையே நிறுத்தினார்கள். அந்த ஊரில் சங்கம் அப்போதுதான் தேர்தலில் ஜெயித்திருந்தது. வேலைநிறுத்தம் செய்தவர்களில் பலர் சங்கத்தின் எதிரிகள், ஆனால் சங்கத்துக்கு ஓட்டுப் போட்டவர்களும் கலந்திருந்தார்கள். சங்கம் அந்த நிறுத்தத்தை எதிர்த்தே நின்றது. ரூஸ்வெல்ட் 5,000 சிப்பாய்களை அனுப்பினார், வண்டிகள் ஓடின, கறுப்பினத்தவர்களின் பயிற்சியும் தொடர்ந்தது. 1961-இல் தென்மாநில உறுப்பினர்களில் சிலர் முணுமுணுத்தபோது, சங்க மாநாட்டு மேடைக்கே மார்ட்டின் லூதர் கிங்கை அழைத்துப் பேச வைத்தார் குவில்.

1948-இல் கம்யூனிஸ்ட் கட்சியோடு முறிவு. அப்போதைய நியூயார்க் மேயர் ஓ'டுவையரும் அயர்லாந்தின் மேயோ மாவட்டத்திலிருந்து வந்தவர்தான். கட்டணம் 5 சென்ட்டிலிருந்து 10 சென்ட்டாகக் கூடினால் மணிக்கு 24 சென்ட் கூலி உயர்வு கிடைக்கும் நிலை. கட்சி கட்டண உயர்வை எதிர்க்கச் சொன்னது, குவில் கூலியைத் தேர்ந்தெடுத்தார். ஹோகன் பதவி இழந்தார், நாடுகடத்தல் வழக்கில் மாட்டிய சாண்டோ ஹங்கேரிக்குப் போனார். தொழிலாளிக்குக் கிடைத்த உயர்வு நிஜம். கூடவே உழைத்தவர்களை வெளியே தள்ளிய முறையும் கடுமையானது. இரண்டில் ஒன்றை மட்டும் சொல்லும் வாழ்க்கை வரலாறுகளை நான் நம்புவதில்லை.

கடைசிச் சண்டை 1966 ஜனவரி 1. ஜான் லிண்ட்சே மேயராகப் பதவியேற்ற முதல் நாள் விடிகாலை ஐந்து மணிக்கு நியூயார்க்கின் சுரங்க ரயிலும் பேருந்தும் நின்றன. வேலையை விட்டவர்கள் 33,000 பேருக்கு மேல். இதற்குள் இவர்கள் அரசு ஊழியர்களாகியிருந்தார்கள். அரசு ஊழியர் வேலைநிறுத்தத்தை 1947-ஆம் ஆண்டின் காண்டன்-வாட்லின் சட்டம் தடுத்திருந்தது, நீதிமன்றத் தடையாணையும் வந்தது. குவில் அதைக் கேமராக்களுக்கு முன்னால் கிழித்துப் போட்டார். கைது செய்ய வந்தபோது, நீதிபதி தன் கறுப்பு அங்கியிலேயே விழுந்து சாகட்டும், நான் சிறையில் மக்கிப்போனாலும் வேலைநிறுத்தத்தைத் திரும்பப் பெற மாட்டேன் என்றார். ஜனவரி 4 அன்று சிறைக்குப் போன சில மணி நேரத்தில் மயங்கி விழுந்தார். பெல்வியூ மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள். அவருக்கு நீண்டகாலமாக இதயக் கோளாறு. பேச்சுவார்த்தையைச் சங்கத்தின் டக்ளஸ் மக்மஹன் தொடர்ந்து, 12 நாள் கழித்து ஜனவரி 13 அன்று முடித்தார். நல்ல கூலி உயர்வு, கூடுதல் ஓய்வூதியப் பலன். காண்டன்-வாட்லின் தண்டனைகளிலிருந்து தொழிலாளர்களுக்கு விலக்களிக்கச் சட்டமன்றமே தனிச்சட்டம் போட வேண்டியிருந்தது. மருத்துவமனையிலிருந்து வெளியே வந்த மூன்றாம் நாள், ஜனவரி 28 அன்று, குவில் இறந்தார். செயின்ட் பாட்ரிக் பேராலயத்தில் இறுதிச்சடங்கு, பெட்டியின்மேல் அயர்லாந்தின் மூவண்ணக் கொடி.

நகரமும் மாநிலமும் அந்த 12 நாளை மறக்கவில்லை. 1967-இல் டெய்லர் சட்டம் வந்தது. பழைய சட்டம் வேலைநிறுத்தம் செய்த ஆளை வேலையிலிருந்தே நீக்கச் சொன்னது. 33,000 பேரை நீக்கினால் ரயிலை யார் ஓட்டுவது என்ற கேள்வியில் அது செத்துப்போனது. புதிய சட்டம் தொழிலாளியை நீக்காமல் பணத்தில் பிடிக்கிறது. வேலையை விட்ட ஒவ்வொரு நாளுக்கும் இரண்டு நாள் சம்பளம் பிடித்தம் (இது 1969 திருத்தத்தில் வந்தது); சங்கத்துக்கு அபராதம்; சம்பளத்திலிருந்து சந்தாவை நிறுவனமே பிடித்துக் கொடுக்கும் ஏற்பாடும் ரத்து. 1980-இல் 11 நாள் நின்றபோது இதன் சுவை தெரிந்தது. 2005 டிசம்பரில் மூன்று நாள் நிறுத்தியதற்கு அதே சங்கத்தின் நூறாவது கிளைக்கு 25 லட்சம் டாலர் அபராதம் விழுந்தது, சந்தா பிடித்தம் நின்றது. கிளைத் தலைவர் ரோஜர் டூசெய்ன்ட் 2006-இல் சிறைக்குப் போனார். டிரினிடாடிலிருந்து நியூயார்க்குக்குக் குடிபெயர்ந்து, சுரங்க ரயிலில் துப்புரவு வேலையில் தொடங்கியவர் அவர்.